கிராம்பும் கார்னேஷனும்

மட்டாஞ்சேரிக் கடைத்தெருவில் நடப்போர்க்குக் கண்ணுக்கு முன்னே மூக்கு விழித்துக்கொள்ளும். ஒருபுறம் காயல், மறுபுறம் ஓடு வேய்ந்த பழைய பண்டகசாலைகள். மிளகு, சுக்கு, ஏலம், சாதிக்காய், கிராம்பு ஆகியவற்றின் மணம் கலந்து, சுவர்களிலும் மரக்கதவுகளிலும் ஊறிக் கிடக்கிறது. மூட்டைகள் முன்போல் மலையாகக் குவிவதில்லை; பல கிடங்குகள் இன்று கலைப்பொருட் கடைகளாகவும் சிற்றுண்டிச் சாலைகளாகவும் மாறிவிட்டன. ஆயினும் மழை பெய்து ஓய்ந்த பொழுதில் அத்தெருவில் நின்றால், ஐந்நூறு ஆண்டு வாணிகம் மூச்சு விடுவது போலத் தோன்றும்.

அத்தெருவில் விலைபோகும் கிராம்பையும், அங்கே வளரவே இயலாத ஒரு குளிர்நாட்டு மலரையும் பற்றியது இவ்வுரை. இரண்டையும் இணைப்பது ஒரு பெயர். அப்பெயரால் நாம் பட்ட வெட்கம் ஒன்றை முதலிற் சொல்லிவிடுதல் முறை.

மத்திய அரசாங்க அலுவலகம் ஒன்றில் மொழிபெயர்ப்புப் பணி செய்வது நம் பிழைப்பு. பணியிற் சேர்ந்த புதிதில், போர்த்துக்கல் நாட்டின் அண்மை வரலாறு பற்றிய சிறு குறிப்பொன்றைத் தமிழாக்க நேர்ந்தது. 1974ஆம் ஆண்டு ஏப்ரல் 25ஆம் நாள் அந்நாட்டில் நிகழ்ந்த புரட்சியின் பெயர் அதில் போர்த்துக்கீசிய மொழியிலேயே தரப்பட்டிருந்தது. 'கிராவு' என்பது அதில் வந்த சொல். கையடக்க அகராதி ஒன்றைப் புரட்டினோம். முதற்பொருள் 'கிராம்பு' என்றிருந்தது. கிராம்பு வாணிகத்திற்காகக் கடல் கடந்து வந்தவர் போர்த்துக்கீசியர் அல்லரோ? ஐயத்திற்கே இடமில்லை என்று எண்ணிக் 'கிராம்புப் புரட்சி' என எழுதிவிட்டோம். வீரர்கள் துப்பாக்கிக் குழலில் கிராம்பைச் செருகிக்கொண்டு நின்றனர் என்றும் அடுத்த வரியை முடித்தோம்.

மேலதிகாரி அதைப் படித்துவிட்டு, "கிராம்பா? பல்வலியா அவர்களுக்கு?" என்று கேட்டார். அலுவலகம் முழுதும் சிரித்தது. அகராதியின் இரண்டாம் பொருளை நாம் பார்க்கவில்லை. 'கிராவு' என்றால் கிராம்பு மட்டுமன்று. கார்னேஷன் என்னும் மலரும் ஆகும்.

சிரிப்பு அடங்கிய பின்னரும் வினா அடங்கவில்லை. வெவ்வேறு நாட்டில், வெவ்வேறு தட்பவெப்பத்தில், வெவ்வேறு குலத்திற் பிறந்த இரு செடிகளுக்கு ஒரே பெயர் வாய்த்தது எவ்வாறு?

போர்த்துக்கீசியர் மட்டும் இவ்வாறு சொல்லவில்லை. அரபு மொழியில் 'கரன்ஃபுல்' என்னும் சொல் இரண்டையும் குறிக்கும். துருக்கி மொழியில் 'கரன்ஃபில்' என்பதும் அவ்வாறே. ஜெர்மானியரின் 'நெல்கெ' என்னும் சொல்லும் இரண்டுக்கும் பொது. சிற்றாணி என்னும் பொருளில் பிறந்தது அது. கிராம்பின் உருவைப் பாருங்கள்: தலை உருண்டு, உடல் நீண்டு, சிறிய ஆணி ஒன்றையே ஒத்திருக்கிறது. போர்த்துக்கீசியச் சொல்லுக்கும் ஆணி என்னும் பொருள் உண்டு. ஆணி போன்ற பொருளுக்கு ஆணியின் பெயர் வந்தது. ஆணியின் மணத்தை ஒத்த மலருக்கும் அப்பெயரே வந்தது.

மணந்தான் இங்கே உறவுக்குக் காரணம். கிராம்பின் காரமணத்துக்குக் காரணமான யூஜினால் என்னும் பொருள், பழைய வகைக் கார்னேஷன் மலரின் மணத்திலும் கலந்திருக்கிறது. கிராம்பு எட்டாத விலையில் விற்ற காலத்தில், இங்கிலாந்து நாட்டார் இம்மலரின் இதழ்களைத் திராட்சை மதுவில் இட்டு மணமூட்டிக் குடித்தனர். ஏழையின் கிராம்பாக அம்மலர் பயன்பட்டது. சுவீடன் நாட்டு அறிஞர் லின்னேயஸ் 1753இல் செடிகளுக்கெல்லாம் இரட்டைப் பெயர் சூட்டிய பொழுது, இம்மலருக்கு 'டயாந்தஸ் கேரியோஃபில்லஸ்' என்று பெயரிட்டார். முதற்சொல்லுக்குத் தெய்வ மலர் என்பது பொருள். இரண்டாம் சொல் கிராம்பின் பழம்பெயர். எனினும் குலத்தால் இரண்டும் உறவல்ல. கிராம்பு, நாவலும் கொய்யாவும் பிறந்த குடும்பத்தைச் சேர்ந்த மரம். கார்னேஷன், மத்தியதரைக் கடற்கரைப் பகுதியிற் பிறந்த சிறு செடி, முழங்காலளவு வளர்வது. நாம் சமையலில் இடும் கிராம்பு விதையன்று, காயன்று. விரியாத மலர்மொட்டைக் காயவைத்தது. ஒன்று மலர்வதற்கு முன்னே பறிக்கப்படுவது. மற்றொன்று மலர்வதற்காகவே வளர்க்கப்படுவது.

இனி வரலாற்றைக் காண்போம். 1500ஆம் ஆண்டின் இறுதியில் காப்ரால் என்னும் போர்த்துக்கீசியத் தலைவன் கொச்சித் துறையில் வந்திறங்கினான். 1503இல் அங்கே கோட்டை எழுந்தது. ஐரோப்பியர் இந்திய மண்ணில் கட்டிய முதற் கோட்டை அதுவே. 1524இல் வாஸ்கோ ட காமா கொச்சியிலேயே இறந்தான். அங்குள்ள தேவாலயத்தில் அடக்கம் செய்யப்பட்ட அவன் உடல் 1539இல் தாயகத்திற்குக் கொண்டுசெல்லப்பட்டது. மட்டாஞ்சேரி அரண்மனையும் போர்த்துக்கீசியர் கட்டிக் கொச்சி மன்னர்க்கு அளித்ததே. பின்னர் டச்சுக்காரர் செப்பனிட்டமையால் டச்சு அரண்மனை என்று பெயர் பெற்றது. 1663இல் கொச்சி டச்சுக்காரர் கைக்கு மாறியது. 1795இல் ஆங்கிலேயர் கைக்கு வந்தது.

இத்தனை கைகளும் நீண்டது மிளகுக்காகவும் கிராம்புக்காகவும் அன்றோ? மிளகு மலையாள நாட்டின் சொந்த விளைபொருள். கிராம்பு அவ்வாறன்று. அதன் பிறப்பிடம் கிழக்கே வெகுதொலைவிலுள்ள மலுக்குத் தீவுகள். டெர்னாத்தே, தீதோரே முதலிய சின்னஞ்சிறு தீவுகளின் மரங்களிலிருந்து பறித்த மொட்டு, பல துறைமுகங்களைக் கடந்து கொச்சியையும் கள்ளிக்கோட்டையையும் அடைந்து, மேற்கே சென்றது. பதினேழாம் நூற்றாண்டில் டச்சுக்காரர் அவ்வாணிகத்தைத் தமக்கே உரிமையாக்கிக் கொள்ள விரும்பி, அம்போன் முதலிய சில தீவுகள் நீங்கலாக மற்றெங்கும் கிராம்பு மரங்களை வெட்டி வீழ்த்தினர். வளர்த்த மரத்தை வெட்டமாட்டோம் என்ற தீவு மக்களும் வீழ்ந்தனர். ஒரு பிடிக் கிராம்புக்குள் இவ்வளவு குருதி இருக்கிறது.

அதே டச்சு ஆட்சி கொச்சியில் வேறொரு நற்பணியும் செய்தது. மலையாளக் கரையின் டச்சுத் தளபதியாக இருந்த ஹென்றிக் வான் ரீடு, இந்நாட்டுச் செடிகொடிகளையெல்லாம் ஓவியத்துடன் பதிவு செய்ய முனைந்தார். அம்முயற்சியின் பயனே 'ஹோர்த்துஸ் மலபாரிக்கஸ்', அதாவது மலையாள நாட்டுத் தோட்டம், என்னும் பெருநூல். 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாம் நகரில் பன்னிரண்டு தொகுதிகளாக அது வெளிவந்தது. அந்நூலுக்கு அறிவூற்றாக நின்றோர் இந்நாட்டவரே. சேர்த்தலைப் பகுதியைச் சேர்ந்த வைத்தியர் இட்டி அச்சுதன் ஒருவர். ரங்க பட்டர், விநாயக பண்டிதர், அப்பு பட்டர் என்னும் கொங்கணி வைத்தியர் மூவர். கொங்கணி மக்கள் கோவாவில் போர்த்துக்கீசியரின் கொடுமைக்கு அஞ்சிக் கொச்சிக்கு வந்து குடியேறியவர் வழியினர். புகுந்த நாட்டின் செடிகளைத் தம் மொழியிலும் தம் எழுத்திலும் குறித்து வைத்தவர்கள் அவர்கள். பிற மாநிலங்களில் வாழும் நமக்கு இது எண்ணிப் பார்க்கத்தக்க செய்தி. ஓரிடத்தில் குடியேறுவோர் முதலில் அங்குள்ள மனிதரோடு பழகுகின்றனர். மரஞ்செடிகளின் பெயரையும் கற்றுக்கொண்ட பின்னரே அவ்விடம் அவர்க்கு ஊராகிறது.

இனிச் செடிகள் குடியேறிய கதைக்கு வருவோம். டச்சுக்காரர் காத்த கிராம்பை, பிரெஞ்சுக்காரரான பியேர் புவாவ்ர் 1770இல் மொரீசியத் தீவுக்குக் கொண்டுவந்தார். பூட்டிய கதவு திறந்தது. 1800ஆம் ஆண்டையொட்டி ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனியார் அதைத் தமிழகத்தின் குற்றாலத்தில் நட்டனர். இந்தியாவில் கிராம்பு வேரூன்றியது அங்கேதான். அருவிச் சாரலும் நிழலும் அதற்குப் பிடித்திருந்தன. பின்னர் அது குமரி மாவட்டத்து மலைகளுக்கும், நீலகிரியின் அடிவாரச் சரிவிலுள்ள பர்லியாருக்கும் பரவியது. மணத்தாற் சிறந்த கன்னியாகுமரிக் கிராம்பு இன்று புவிசார் குறியீடு பெற்றுத் திகழ்கிறது.

கார்னேஷனோ குளிரைத் தேடி மலையேறியது. 1819இல் கோயம்புத்தூர்க் கலெக்டராயிருந்த ஜான் சல்லிவன் நீலகிரிக்குச் சென்றார். சில ஆண்டுகளில் உதகமண்டலத்தில் வீடும் ஏரியும் தோன்றின. கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில், தோடர்களின் எருமைகள் மேய்ந்த புல்வெளியில், ஆங்கிலேயர் தம் நாட்டுக் காய்கறிகளையும் மலர்களையும் விளைவிக்க விரும்பினர். சந்தா வசூலித்துத் தொடங்கிய காய்கறித் தோட்டம் தாவரவியல் பூங்காவாக வளர்ந்தது. கியூ தோட்டத்தில் பயின்ற வில்லியம் கிரஹாம் மக்கைவர் 1848இல் வந்து அதன் பொறுப்பை ஏற்றார். அவ்விடத்தின் மேற்பகுதி காடு, கீழ்ப்பகுதி சதுப்பு, நடுவே ஆழ்ந்த ஓடைகள். ஏறத்தாழ 22 ஹெக்டேர் பரப்பில் இன்று நாம் காணும் பசும்புல் மேடைகளும் மலர்ப் பாத்திகளும் அங்கே எழுந்தன. நீர் தேங்கிய நிலத்தை வடித்துத் திருத்துவதே முதல் வேலையாயிற்று. 1896 முதல் ஆண்டுதோறும் அவ்வூரில் மலர்க்காட்சி நடந்து வருகிறது.

நீரை வடிப்பதே முதல் வேலை: கார்னேஷன் வளர்ப்பின் பால பாடமும் இதுவே. இதை நாம் நூலிற் படித்து அறியவில்லை. ஒரு செடியைக் கொன்று அறிந்தோம்.

பல ஆண்டுகளுக்கு முன் உதகைக்குச் சென்ற நாம், கிராம்பு மணம் வீசும் அம்மலரைத் தேடினோம். அலுவலகத்திற் பட்ட வெட்கத்திற்கு ஈடாக அதை வீட்டிலேயே வளர்த்துவிட வேண்டும் என்பது எண்ணம். சாம்பற் பச்சை இலைகளோடு மொட்டு விட்டிருந்த செடியொன்றை வாங்கி, மட்டாஞ்சேரியில் நாம் குடியிருந்த வீட்டின் முற்றத்தில் தொட்டியில் வைத்தோம். குளிர்நாட்டுச் செடி வெயிலில் வாடுமே என்று இரங்கி, காலையும் மாலையும் நீரூற்றினோம், இலைகளையும் நனைத்தோம். முதல் வாரம் பச்சையாக இருந்தது. இரண்டாம் வாரம் கீழிலைகள் மஞ்சளித்தன. நீர் போதவில்லை போலும் என்று இன்னும் ஒரு செம்பு ஊற்றினோம். மூன்றாம் வாரம் தண்டைத் தொட்டதும் அடியோடு கையில் வந்துவிட்டது. வேர் கறுத்து அழுகியிருந்தது.

அடுத்த முறை உதகைக்குச் சென்றபொழுது தோட்டக்காரர் ஒருவரிடம் இதைச் சொன்னோம். அவர் சிரிக்கவில்லை. "தண்ணி இல்லாம செத்த செடியைவிடத் தண்ணியால செத்த செடிதாங்க அதிகம். மண்ணைத் தொட்டுப் பாத்தீங்களா?" என்றார். நாம் பார்க்கவில்லை. செடியைப் பார்த்தோம், நம் இரக்கத்தைப் பார்த்தோம், மண்ணைத் தொடவில்லை.

அன்று அவரிடம் கற்றவற்றையும் பின்னர் அறிந்தவற்றையும் தொகுத்துச் சொல்வோம். சிம்லா, டார்ஜிலிங், ஸ்ரீநகர் போன்ற குளிர்ந்த ஊர்களில் வாழும் தமிழன்பர்க்கு இவை நேரடியாகப் பயன்படும்.

கார்னேஷன் பாறை இடுக்கிலும் சுண்ணாம்பு நிலத்திலும் வாழ்ந்த குலத்தில் வந்தது. மெழுகு பூசினாற்போன்ற அதன் குறுகிய இலைகள் நீரைச் சிக்கனமாகச் செலவிடுவதற்கென்றே அமைந்தவை. ஆகவே பாத்தியை ஒரு சாண் உயர்த்தி, மட்கிய எருவும் மணலும் கலந்து, ஊற்றிய நீர் உடனே இறங்குமாறு அமைக்க வேண்டும். மழை மிகுந்த மலைகளில் மண் புளிப்பேறியிருக்கும். நீலகிரி மண் அத்தகையதே. அங்கே அளவாகச் சுண்ணாம்பு இட்டு அப்புளிப்பைக் குறைப்பர். நாற்றை ஆழப் புதைத்தலாகாது. வேர்ப்பகுதி மட்டும் மண்ணுள் இருக்க, தண்டின் கழுத்து வெளியே காற்றாட நிற்க வேண்டும். கழுத்து மண்ணில் புதைந்தால் அழுகல் தொடங்கும்.

நட்ட முதற் சில வாரங்கள் மட்டும் மென்மையாக நீர் தெளித்து ஈரம் காக்க வேண்டும். வேர் பிடித்தபின் இலைமேல் நீர் படலாகாது. அடியில் மட்டுமே ஊற்ற வேண்டும். இதற்குக் காரணம் உண்டு. இலையில் ஈரம் தங்கினால் துருநோயும் இலைப்புள்ளி நோயும் பற்றும். வேரில் ஈரம் தேங்கினால் வாடல் நோய்க் காளான் தண்டின் உள்ளே ஏறி நீரோட்டத்தை அடைத்துவிடும். இதிலே ஒரு விந்தை: அந்நோய் கண்ட செடி நீரின்றி வாடுவது போலவே தோன்றும். அறியாதவர் மேலும் நீரூற்றுவர். நாமும் அதைத்தான் செய்தோம்.

எப்பொழுது ஊற்றுவது? விரலை மண்ணில் ஓரங்குலம் செருகிப் பாருங்கள். மேல்மண் உலர்ந்திருந்தால் ஊற்றலாம்; ஈரமாயிருந்தால் மறுநாள் பார்க்கலாம். ஊற்றும்போது வேர் ஆழம் வரை நனையுமாறு ஊற்ற வேண்டும். அடிக்கடி சிறிது சிறிதாகத் தெளிப்பது தீது. காலைப்பொழுதே ஏற்றது. குளிர்ந்த ஊரில் மாலையில் ஊற்றிய நீர் இரவெல்லாம் சில்லிட்டு நிற்கும். குளிர்காலத்தில் செடியின் வளர்ச்சி குன்றும், தாகமும் குன்றும். கோடையின் அளவை அப்பொழுதும் கைவிடாமல் ஊற்றுபவர் செடியை இழப்பர். சிறு பனியைக் கார்னேஷன் தாங்கும். குளிரும் சேறும் ஒன்றுசேர்ந்தால் தாங்காது.

நீலகிரியில் நவம்பர், டிசம்பர் முதல் பிப்ரவரி வரை உறைபனி விழும். விடியலில் புல்வெளி உப்புப் பூத்தாற்போல் வெளுத்திருக்கும். உதகைப் பூங்காவில் அக்காலத்தில் மென்மையான செடிகளை மிலார் என்னும் செடியின் கிளைகளால் மூடிக் காப்பதுண்டு. வெயில் ஏறுமுன் புல்வெளியில் நீர் தெளித்துப் பனியைக் கரைப்பதும் உண்டு. குளிரை நீரால் போக்குவது வியப்பாகத் தோன்றலாம். உறைபனியைவிடக் குழாய்நீர் வெப்பமானது என்பதை எண்ணினால் வியப்பு நீங்கும்.

நீரோடு வேறு சில பணிவிடைகளும் வேண்டும். ஐந்தாறு கணுக்கள் வளர்ந்ததும் நுனியைக் கிள்ளினால் பக்கக் கிளைகள் பல வரும். தண்டுகள் மெலிந்தவை ஆதலின், கம்பிவலையோ நூல்வலையோ கட்டித் தாங்க வேண்டும். பெரிய ஒற்றைப் பூ வேண்டுவோர் பக்க மொட்டுகளைக் கிள்ளிவிட்டு உச்சி மொட்டை மட்டும் காப்பர். கொத்துப் பூ வேண்டுவோர் உச்சி மொட்டைக் கிள்ளிப் பக்க மொட்டுகளைக் காப்பர். பகலும் இரவும் வெப்பம் பெரிதும் மாறுபட்டாலும், பலநாள் காயவிட்டுத் திடீரென நீர் பெருக்கினாலும், பூவைத் தாங்கும் பச்சைப் புல்லி வட்டம் வெடித்து இதழ்கள் ஒருபுறம் சரிந்துவிடும். ஆதலால் மிகுதியும் ஆகாது, குறைவும் ஆகாது, ஒழுங்கே நன்று. நட்ட நான்கைந்து மாதத்தில் பூக்கும் செடி, நன்கு பேணினால் இரண்டாண்டு வரை பயன்தரும். வடநாட்டுச் சமவெளியில் வாழ்வோர் மழை ஓய்ந்தபின் விதைத்து, தை மாசி மாதங்களில் மலரைக் காணலாம். கோடை வந்தால் செடி விடைபெறும்.

கொய்த மலரைக் குவளை நீரில் வைப்போர் அதன் அருகே பழுத்த வாழைப்பழம் வைக்கலாகாது. பழுக்கும் கனி வெளிவிடும் எத்திலீன் என்னும் ஆவி இம்மலரை விரைவில் வாடச் செய்யும். நேந்திரங் குலை தொங்கும் மலையாள வீட்டுக் கூடத்தில் கார்னேஷன் நெடுநாள் நில்லாமைக்கு அதுவும் ஒரு காரணமாகலாம்.

இம்மலரை இன்றைய பெருமைக்குக் கொணர்ந்தோர் பலர். பதினாறாம் நூற்றாண்டில் துருக்கியர் இஸ்னிக் நகரத்து ஓடுகளில் இதைச் சிவப்பாகத் தீட்டினர். 1717 வாக்கில் தாமஸ் ஃபேர்சைல்டு என்னும் லண்டன் தோட்டக்காரர் கார்னேஷனை அதன் உறவுச் செடியொன்றோடு கலந்து புதுச்செடி உண்டாக்கினார். மனிதன் அறிந்தே செய்த முதற் கலப்பு மலர் அதுவென்பர். படைப்பில் கைவைத்தோமே என்று அவர் நெஞ்சம் உறுத்தியதாகவும் சொல்லுவர். பின்னர்ப் பிரான்சில் ஆண்டெல்லாம் பூக்கும் வகைகள் தோன்றின. அமெரிக்காவில் வில்லியம் சிம் உண்டாக்கிய வகைகள் உலகமெங்கும் பரவின. 1908இல் அன்னா ஜார்விஸ் என்னும் அம்மையார் தம் தாயின் நினைவாக வெண்ணிறக் கார்னேஷன்களைத் தேவாலயத்திற்கு அனுப்ப, அன்னையர் நாளுக்குரிய மலராக அது நிலைபெற்றது.

நம் நாட்டில் நெடுங்காலம் இது பூங்காவின் காட்சிப் பொருளாகவே இருந்தது. 1990களுக்குப் பின்னரே நீலகிரியில், குறிப்பாகக் கோத்தகிரி, குன்னூர்ப் பகுதிகளில், நெகிழிக் கூரையிட்ட பசுமைக்குடில்களில் கொய்மலராகப் பயிரிடும் வழக்கம் பெருகியது. தேயிலைக்கு விலை தாழ்ந்த காலத்தில் சிறு விவசாயிகள் பலர் கடன் வாங்கிக் குடில் அமைத்தனர். தென்மேற்குப் பருவமும் வடகிழக்குப் பருவமும் பொழியும் மலையில் திறந்த வெளியில் இம்மலர் நில்லாது. கூரை மழையைத் தடுக்க, சொட்டுநீர்க் குழாய் வேண்டும் அளவை மட்டும் வேருக்கு ஊட்டுகிறது. கையில் செம்போடு நாம் செய்த தவற்றை அக்குழாய் செய்வதில்லை.

ஆயினும் மலர்த்தொழில் மலரினும் மெல்லியது. 2020ஆம் ஆண்டு கொள்ளை நோய் பரவி நாடே அடைபட்டபொழுது, மணவிழாக்கள் நின்றன, தேவாலயங்கள் மூடப்பட்டன, வண்டிகள் ஓடவில்லை. மலர் காத்திருக்குமா? செடியில் விட்டால் செடி கெடும். ஆதலின் நாள்தோறும் கொய்தே ஆக வேண்டும். நீலகிரி விவசாயிகள் தாம் நீரளந்து வளர்த்த மலர்களைத் தம் கையாலேயே கொய்து குப்பையிற் கொட்டினர். கடன் மட்டும் வாடாமல் நின்றது. அத்துயரம் நீங்கிய பின்னும், வாடாத நெகிழிப் பூக்கள் மண்டபங்களை நிறைப்பது அவர்கள் பிழைப்பை நெருக்குகிறது. மணப்பந்தல் அலங்கரிக்கும் அன்பர்கள் இதனைச் சற்றே கருத வேண்டும். பொய்ப்பூ மலிவுதான். அது மலையில் ஒரு குடும்பத்தின் அடுப்பை அணைக்கிறது.

இனி நாம் தவறாக மொழிபெயர்த்த புரட்சிக்குத் திரும்புவோம். 1974 ஏப்ரல் 25 அன்று லிஸ்பன் நகரில், உணவு விடுதியொன்றின் முதலாண்டு நிறைவுக்காகக் கார்னேஷன் மலர்கள் வாங்கி வைத்திருந்தனர். கலகம் மூண்டமையால் விடுதி திறக்கவில்லை. மலர்களை ஊழியர்க்கே பகிர்ந்தளித்தனர். அவற்றோடு வீடு திரும்பிய செலஸ்தே கயேரு என்னும் ஊழியப் பெண், வழியில் நின்ற வீரன் ஒருவன் சிகரெட் கேட்க, "என்னிடம் இதுதான் உண்டு" என்று ஒரு மலரை நீட்டினார். அவன் அதைத் துப்பாக்கிக் குழலிற் செருகினான். மற்றவரும் அவ்வாறே செய்தனர். ஏறத்தாழ அரை நூற்றாண்டு நீடித்த அடக்குமுறை ஆட்சி பெரும் குருதிச் சேதமின்றி வீழ்ந்தது. 1961இல் விடுதலை பெற்றிருந்த கோவாவை இந்தியாவின் பகுதியென ஒப்ப மறுத்துவந்த போர்த்துக்கல், 1974 டிசம்பர் 31ஆம் நாள் உடன்படிக்கை செய்து அதனை ஏற்றுக்கொண்டது.

'கிராவு' என்னும் ஒரு சொல்லை எண்ணி 1500இல் அந்நாட்டார் பீரங்கிக் கப்பல்களோடு கொச்சிக்கு வந்தனர். அதே சொல்லுக்குரிய மற்றொரு பொருளைத் துப்பாக்கி வாயில் செருகிக்கொண்டு, 474 ஆண்டுகளுக்குப் பின் அவர்கள் பேரரசுக் கனவை விட்டனர். அகராதியின் முதற்பொருளிலிருந்து இரண்டாம் பொருளுக்குச் செல்ல அவர்களுக்கு அத்தனை காலம் பிடித்தது. நமக்கு ஒரு நாளில் விளங்காமற் போனதில் வியப்பில்லை.

மட்டாஞ்சேரி வீட்டு முற்றத்தில் அத்தொட்டி இன்னும் இருக்கிறது. அதில் கார்னேஷன் வளர்க்கும் ஆசையை விட்டோம். கொச்சியின் ஈரவெப்பத்தில் அதை வருத்துவது அறமன்று. இப்பொழுது துளசி வைத்திருக்கிறோம். விழா நாட்களில் மலையிலிருந்து இறங்கி, கோவையையும் பாலக்காட்டுக் கணவாயையும் கடந்து வரும் கார்னேஷன் கொத்து பூக்கடையில் கிடைக்கும். நான்கு மலர் வாங்கிக் குவளையில் வைத்து, அஞ்சறைப் பெட்டியிலிருந்து ஒரு கிராம்பை எடுத்து அருகருகே முகர்ந்து பார்ப்பது நம் வழக்கம். கடைமலரில் பல மணம் இழந்தவையே. எப்பொழுதாவது ஒன்று பழைய மணத்தோடு வந்துவிடும்.

குளிர்நாட்டுத் தோட்டமுள்ள அன்பர்கள் ஒரு செடியேனும் வைத்துப் பாருங்கள். நீர்ச் செம்பை எடுக்குமுன் ஒரு விரலால் மண்ணைத் தொடுங்கள். அதன் தேவையை அறிந்த பின்னரே உங்கள் அன்பை ஊற்றுங்கள்.